மூணு கதவு ஹால்: கிரேஸி மோகனும் எங்க நைனாவும்

எங்க நைனா சபா நாடகத்துக்கு செட்டு இழுத்தவர். மந்தைவெளிப் பக்கம் பக்கிங்ஹாம் கால்வாய் ஓரக் குடிசையில் இருந்தோம். நாடகத்துக்கு சீன் வாடகைக்கு விடுகிற ஒரு குடோனிலிருந்து படுதா, தட்டி, கதவுச் சட்டம், சோபா, போன் வைக்கிற ஸ்டூல் எல்லாத்தையும் மீன்பாடி வண்டியில் ஏத்திக்கொண்டு மயிலாப்பூர் ஃபைன் ஆர்ட்ஸ், ஆர்.ஆர். சபா, தி.நகர் வாணி மகால், கிருஷ்ண கான சபா என்று போவார். நாலு மணிக்குள் செட்டு நிக்கணும். ஆறே முக்காலுக்கு நாடகம். முடிஞ்சதும் பிரிச்சு, மறுபடி ஏத்தி, குடோனில் இறக்கிட்டு வீட்டுக்கு வர பதினோரு மணி ஆகும். பள்ளிக்கூட லீவு நாட்களில் நானும் வண்டியைப் பின்னால் தள்ளிக்கொண்டு போவேன்.

நாடகம் நடக்கும்போது நாங்க விங்குக்குப் பின்னால் தரையில் உட்கார்ந்திருப்போம். நடிகர்களுடைய முதுகு தெரியும். பார்க்க வந்தவங்க முகம் தெரியாது, சிரிப்பு மட்டும்தான் கேட்கும். ஐநூறு பேர் ஒரே சமயத்தில் சிரிக்கிற சத்தம் படுதாவைத் தாண்டி வந்து நம்ம மேல விழும். நைனாவும் சிரிப்பார். சத்தம் வெளியே போகாமல் துண்டை வாயில் வச்சுக்கிட்டு, தோள் குலுங்கச் சிரிப்பார்.

ஒரு நாடகத்தில் வேலைக்காரன் ஒருத்தன் வந்தான். யார் எழுதின நாடகம் என்று இப்போது சொல்ல வேண்டியதில்லை. அழுக்கு பனியன், மடிச்சுக் கட்டின லுங்கி. அவன் 'இன்னா சார்' என்று வாயைத் திறந்ததுமே சபை சிரித்தது. அவன் பேசினது நகைச்சுவை எதுவுமில்லை. எங்க தெருவில் எல்லாரும் பேசுகிற மாதிரி பேசினான், அவ்வளவுதான். நைனாவும் சிரிச்சார். எனக்கு அப்போ பதிமூணு வயசு. அந்தச் சிரிப்பை ரொம்ப வருஷம் நான் மன்னிக்கவில்லை.

2019 ஜூன் 10 அன்று கிரேஸி மோகன் மாரடைப்பில் இறந்தார். வயது 66. அன்றைக்கு முழுக்க எல்லா சேனலிலும் அவருடைய காட்சிகள் ஓடின. கண்ணகி நகரில் எங்க வீட்டுக்குக் கீழே டீக்கடையில் ஆட்டோ ஓட்டுறவங்க, கொத்தனார்கள், வீட்டு வேலைக்குப் போய்த் திரும்பின பெண்கள் எல்லாம் நின்னு பார்த்துச் சிரிச்சாங்க. நானும் சிரிச்சேன். செத்துப்போன மனுஷனை நினைச்சு வருத்தமும் இருந்தது. இந்தச் சிரிப்புக்கு ஒரு வரலாறு இருக்கு, அதில் நைனாவுக்கும் எனக்கும் ஒரு ஓரத்தில் இடம் இருக்கு என்று அன்றைக்குத்தான் தோன்றியது. அதைத்தான் இங்கே எழுதிப் பார்க்கிறேன்.

*

சபா என்பது ஒரு கட்டடத்தின் பெயர் மட்டுமில்லை, ஒரு ஏற்பாட்டின் பெயர். 1891இல் பம்மல் சம்பந்த முதலியார் பட்டணத்தில் சுகுண விலாச சபாவைத் தொடங்கினார். அப்போது அவருக்கு வயது பதினெட்டு. பின்னாளில் வழக்கறிஞர், நீதிபதி. படித்தவர்கள், உத்தியோகம் பார்ப்பவர்கள் சாயங்காலத்தில் நாடகம் ஆடலாம், அதில் கௌரவக் குறைச்சல் இல்லை என்று நிறுவியது அந்தச் சபா. சத்தியமூர்த்தி போன்ற காங்கிரஸ் தலைவர்கள்கூட அதில் வேஷம் கட்டினார்கள். நாடகத்தை வயிற்றுப்பாட்டுக்காகச் செய்யாமல் பொழுதுபோக்காகச் செய்பவர்கள் என்பதுதான் இந்த 'அமெச்சூர்' என்ற சொல்லின் பெருமை.

அப்படியென்றால் வயிற்றுப்பாட்டுக்காக ஆடியவர்கள் யார்? தெருக்கூத்து ஆடியவர்கள், பறையடித்தவர்கள், கம்பெனி நாடகத்துக்குப் பிள்ளைகளை அனுப்பிவிட்டுக் காத்திருந்த ஏழைக் குடும்பங்கள். சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) பக்கத்து நாடக மரபு அந்த வாழ்க்கையோடு ஒட்டியது. கூத்தில் கட்டியங்காரன் ராஜாவையே கிண்டல் பண்ணுவான். ராஜா வேஷம் வருவதற்கு முன்னால் அவன்தான் வருவான், ராஜா போன பிறகும் அவன் இருப்பான். சபா மேடைக்கு நாடகம் போனபோது கட்டியங்காரன் வாசலிலேயே நின்றுவிட்டான். அவனுக்குப் பதில் உள்ளே வந்தவன் வேலைக்காரன். பம்மலின் 'சபாபதி'யை நினைத்துப் பாருங்கள். ஜமீன்தார் பெயரும் சபாபதி, வேலைக்காரன் பெயரும் சபாபதி. 1941இல் ஏ.வி.எம். எடுத்த படத்தில் காளி என்.ரத்தினம் அந்த வேலைக்காரனாக வந்து ஊரையே சிரிக்க வைத்தார். எசமானும் அசடுதான், ஆனால் எசமானின் அசட்டுத்தனம் செல்லம், வேலைக்காரனின் அசட்டுத்தனம் இயல்பு. நகைச்சுவையில் இந்த வித்தியாசம் ரொம்ப நாள் நீடித்தது.

இதே பட்டணத்தில், மயிலாப்பூருக்குப் பக்கத்து ராயப்பேட்டையிலிருந்து 1907இல் அயோத்திதாசப் பண்டிதர் 'ஒரு பைசாத் தமிழன்' நடத்தினார். அவர் எழுத்தில் எகத்தாளம் உண்டு. எங்களைத் தாழ்த்திய கதைகளையே எடுத்து, சொல்லைப் பிரித்து, வேறு பொருள் சொல்லி, கதை சொன்னவனையே அசடாக்குகிற வேலை அது. சொல்லைப் பிரித்து விளையாடுவதை நாம் மயிலாப்பூர் நகைச்சுவை என்கிறோம். ராயப்பேட்டையில் அது ஒரு சமூகத்தின் வழக்கு நடத்துகிற முறையாக இருந்தது. நகைச்சுவை வரலாறு எழுதுகிறவர்கள் யாரும் பண்டிதரைச் சேர்ப்பதில்லை.

விடுதலைக்குப் பிறகு சபாக்கள் மயிலாப்பூர், தி.நகர், ஆழ்வார்பேட்டை என்று தென்சென்னையில் நிலைத்தன. 1952இல் ஒய்.ஜி.பார்த்தசாரதியின் யுனைடெட் அமெச்சூர் ஆர்ட்டிஸ்ட்ஸ், பிறகு சோவின் விவேகா ஃபைன் ஆர்ட்ஸ். 1968இல் 'முகமது பின் துக்ளக்'. அப்புறம் மௌலி, காத்தாடி ராமமூர்த்தி, எஸ்.வி.சேகர். மாதச் சந்தா கட்டிய உறுப்பினர் குடும்பங்கள் ரெகுலராக வந்து பார்க்கிற நாடகங்கள் இவை. டிக்கெட் வாங்கி யாரும் போகலாம், தடை எதுவும் எழுதிப் போடவில்லை. ஆனாலும் நைனா தன் வாழ்நாளில் ஒரு தடவைகூட முன்பக்கம் உட்கார்ந்து நாடகம் பார்த்ததில்லை. யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. அவருக்கே தோணவில்லை.

*

இந்த உலகத்துக்குள்தான் மோகன் ரங்காச்சாரி வந்தார். பிறந்தது 1952 அக்டோபர் 16. மந்தைவெளியில் கூட்டுக் குடும்பம். கிண்டி பொறியியல் கல்லூரியில் மெக்கானிக்கல் படித்தார். மாணவராக இருக்கும்போதே 1972இல் 'கிரேட் பேங்க் ராபரி' எழுதினார். படிப்பு முடிந்து சுந்தரம் கிளேட்டனில் வேலை. 1976இல் எஸ்.வி.சேகரின் நாடகப்ரியா குழுவுக்காக 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' எழுதினார். அதிலிருந்துதான் பெயருக்கு முன்னால் 'கிரேஸி' ஒட்டிக்கொண்டது. 1979இல் தம்பி மாது பாலாஜியோடு கிரேஸி கிரியேஷன்ஸ் தொடங்கி, முதலாவதாக 'அலாவுதீனும் நூறு வாட்ஸ் பல்பும்' போட்டார். அதன் பிறகு முப்பதுக்கு மேற்பட்ட நாடகங்கள், நாற்பதுக்கு மேற்பட்ட படங்களுக்கு வசனம், தொலைக்காட்சித் தொடர்கள், பத்திரிகைக் கதைகள். ஜெயா டிவியில் 'விடாது சிரிப்பு' வந்தபோது சபா வாசலை மிதிக்காத வீடுகளுக்குள்ளும் அவர் வந்துவிட்டார்.

அவர் நாடகங்களில் நாயகன் பெயர் மாது, நாயகி பெயர் ஜானகி. எத்தனை கதை மாறினாலும் பேர் மாறாது. பள்ளிக்கூடத்தில் தன்னை மேடையேற்றிய ஆசிரியையின் பெயர் ஜானகி என்று அவரே பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். நன்றியை இப்படி நாற்பது வருஷம் சொல்லிக்கொண்டே இருந்த மனுஷன். அதை நான் குறைத்துப் பேச மாட்டேன்.

ஆனால் தலைப்புகளை மட்டும் ஒரு தடவை நம்ம காதால் கேட்டுப் பாருங்க. பாலவாக்கம்! 1976இல் அது திருவான்மியூரைத் தாண்டின குப்பம், சவுக்குத் தோப்பு. மயிலாப்பூருக்கு அது ஊருக்கு வெளியே. திருடனும் பாலவாக்கமும் சேர்ந்தால் சொல்லாமலே சிரிப்பு வரும். 2000க்குப் பிறகு கால்வாய் ஓரம் காலி செய்யப்பட்டபோது எங்க தெருவை லாரியில் ஏத்திக் கண்ணகி நகரில் இறக்கினார்கள். அது பாலவாக்கத்துக்கும் அப்பால். நாடகத்தில் கேட்டுச் சிரித்த தூரத்தைத் தாண்டி நாங்க குடியேறினோம். நைனாதான் முதலில் சொன்னார், "டேய், நம்மளும் அந்த திருடனுங்க ஊரத் தாண்டிட்டோம்டா" என்று.

இன்னொரு தலைப்பு 'மேரேஜ் மேட் இன் சலூன்'. கல்யாணம் சொர்க்கத்தில் நிச்சயிக்கப்படுகிறது என்பதைக் கவிழ்த்துப் போட்ட வேடிக்கை. சொர்க்கம் எங்கே, சலூன் எங்கே என்கிற எதிர்மறையில்தான் சிரிப்பு. கிராமத்தில் மருத்துவர் குலத்து ஆணும் பெண்ணும் இல்லாமல் கல்யாணமும் நடக்காது, பிரசவமும் நடக்காது. சலூன்காரர் கல்யாணம் முடிப்பது அங்கே வேடிக்கை இல்லை, வேலை. கூலி குறைச்சலான வேலை. இந்த நாடகத்தைத்தான் 1983இல் கே.பாலசந்தர் 'பொய்க்கால் குதிரை' என்று படமாக்கினார். பொய்க்கால் குதிரை என்ற ஆட்டத்தைக் காலில் கட்டை கட்டி ஆடிப் பிழைத்த கலைஞர்கள் தஞ்சாவூர்ப் பக்கம் இருந்தார்கள். படத்துக்குப் பேர் மட்டும் போதுமாக இருந்தது. இதில் யாருக்கும் கெட்ட எண்ணம் இருந்தது என்று நான் சொல்லவில்லை. கெட்ட எண்ணமே இல்லாமல் இதெல்லாம் நடக்கும் என்பதுதான் நாம் யோசிக்க வேண்டியது.

*

1975 ஆகஸ்ட் 15 அன்று சென்னைத் தொலைக்காட்சி தொடங்கியது. வெள்ளிக்கிழமை 'ஒளியும் ஒலியும்', ஞாயிற்றுக்கிழமை படம், செவ்வாய்க்கிழமை அரை மணி நேர நாடகம். எங்க தெருவுக்கு டிவி பல வருஷம் கழிச்சுத்தான் வந்தது. அதுவரைக்கும் கால்வாய்க்கு அந்தப் பக்கத்துத் தெருவில் ஒரு வீட்டு ஜன்னல்தான் எங்க டிவி. சினிமா போடுகிற நாளில் கூட்டம் என்று ஜன்னலைச் சாத்திவிடுவார்கள். செவ்வாய்க்கிழமை கூட்டம் இருக்காது, அதனால் திறந்திருக்கும். நாங்க நாடகம் பார்த்து வளர்ந்தது இப்படித்தான்.

தொலைக்காட்சி சபாவிலிருந்து எடுத்துக்கொண்டது கதையை மட்டுமில்லை, அந்த ஹாலையும்தான். நைனா இழுத்த செட்டு எனக்கு மனப்பாடம். நடுவில் சோபா, பக்கத்தில் போன். மூணு கதவு. ஒண்ணு வாசலுக்கு, ஒண்ணு சமையல்கட்டுக்கு, ஒண்ணு பெட்ரூமுக்கு. ஆள்மாறாட்ட நாடகத்துக்கு இந்த மூணு கதவும் உயிர். மாது ஒரு பொய் சொல்வான். பொய்யைக் கேட்டவர் சமையல்கட்டுக்குப் போகும் நேரம் பார்த்து உண்மை தெரிந்தவர் வாசல் வழியாக வருவார். இவரைப் பெட்ரூமுக்குள் தள்ளினால் அவர் வெளியே வருவார். ஒரு பொய்யைக் காப்பாற்ற ஒன்பது பொய். இந்தக் கணக்கை இஞ்சினியர் மாதிரி துல்லியமாகப் போடுவதில் கிரேஸி மோகனுக்கு மிஞ்சி ஆளில்லை. ஒரு சொல்லை ஒருத்தர் ஒரு அர்த்தத்தில் சொல்ல, இன்னொருத்தர் வேறு அர்த்தத்தில் பிடித்துக்கொள்ள, மூன்றாவது ஆள் அதையும் தப்பாகக் கேட்க, சிரித்து முடிப்பதற்குள் அடுத்தது வந்துவிடும். ஸ்டுடியோவுக்கும் இது வசதி. ஒரே செட்டு, அரை மணி நேரம், செலவு கம்மி.

எங்க வீட்டுக்கு ஒரே கதவு. யாரும் யாருக்கும் தெரியாமல் ஒளிய முடியாது. ரகசியம் வைக்கணும்னா முதலில் ரூம் வேணும். எங்க தெருவில் ஒருத்தன் பொய் சொன்னால் அவன் முடிப்பதற்குள் நாலு வீட்டுக்குத் தெரிஞ்சிடும். அதனால் எங்க நகைச்சுவை வேற ஜாதி. அது குழாயடியில் நடக்கும். ரெண்டு பேர் சண்டை போடுவாங்க, இருபது பேர் குடத்தோட நிப்பாங்க. யார் வாய் ஜெயிக்குதுன்னு கேக்கத்தான் நிப்பாங்க. எங்க ஆயா குழாயடியில் வாயத் தொறந்தா கார்ப்பரேஷன் லாரிக்காரன் தண்ணிய நிறுத்திட்டுக் கேப்பான். அவளும் சொல்லைப் பிரிச்சுத்தான் அடிப்பா, ரெட்டை அர்த்தத்தில்தான் பேசுவா. அதை ஆபாசம் என்றார்கள்.

சாவு வீட்டில் ராத்திரி முழுக்கப் பாடுகிற கானாவும் அப்படித்தான். செத்தவன் பேரை வச்சு, அவன் பார்த்த வேலையை வச்சு, அவன் குடிச்ச சரக்கை வச்சு அந்த நிமிஷமே கட்டுகிற பாட்டு. அழுதுக்கிட்டே சிரிப்பாங்க. கிரேஸி மோகன் தினமும் வெண்பா எழுதுவார், ஆயிரக்கணக்கில் எழுதியிருக்கிறார் என்பதை அவருடைய தனித் திறமையாகப் பாராட்டுகிறார்கள். பாராட்ட வேண்டியதுதான். நினைத்த மாத்திரத்தில் தளை தட்டாமல் சொல் வந்து விழுவது லேசான காரியமா? அதே மாத்திரத்தில் தாளம் தட்டிப் பாடின எங்க ஆளுக்கு அன்றைக்குக் கிடைத்தது ஒரு குவாட்டரும் நாலு இட்லியும். 2006இல் 'சித்திரம் பேசுதடி' படத்தில் கானா உலகநாதன் முகம் திரையில் தெரிந்தபோது எங்க தெருவில் வெடி வெடிச்சாங்க.

*

கமல்ஹாசனுக்கு அவர் எழுதினவற்றைத் தனியாகப் பார்க்கணும். 'அபூர்வ சகோதரர்கள்' (1989), 'மைக்கேல் மதன காமராஜன்' (1990), 'சதிலீலாவதி' (1995), 'அவ்வை சண்முகி' (1996), 'தெனாலி' (2000), 'பஞ்சதந்திரம்' (2002), 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' (2004). இந்தப் படங்களில் மொழி ஹாலை விட்டு வெளியே வந்தது. பாலக்காட்டுத் தமிழ், கொங்குத் தமிழ், ஈழத் தமிழ், அப்புறம் மெக்கானிக் ராஜாவும் வசூல்ராஜாவும் பேசுகிற எங்க மெட்ராஸ் பாஷை.

மெட்ராஸ் பாஷை என்பது தென்சென்னைச் சேரிகளிலும் வடசென்னைத் துறைமுகத்திலும் ரிக்‌ஷா ஸ்டாண்டிலும் உழைக்கிற சனம் கட்டின மொழி. பேஜாரும் நாஸ்டாவும் உருதுவிலிருந்து வந்தது. கஸ்மாலம் சமஸ்கிருதம், பகவத்கீதையிலேயே இருக்கிற சொல். அர்ஜுனனுக்குச் சொன்னால் உபதேசம், ஆயா சொன்னால் கெட்ட வார்த்தை. இந்தப் பாஷையைத் திரையில் பேசிப் பேர் வாங்கியவர்களில் சந்திரபாபு தூத்துக்குடிக்காரர். 'சபாஷ் மீனா'வில் (1958) ரிக்‌ஷாக்காரராக வந்தார். சோ வழக்கறிஞர். இவர்கள் நன்றாகத்தான் பேசினார்கள். அந்தப் பாஷையிலேயே பிறந்து வளர்ந்தவன் தன் பாஷையை எழுதிச் சம்பளம் வாங்க எத்தனை வருஷம் ஆச்சு என்பதுதான் என் கேள்வி.

'அவ்வை சண்முகி'யில் நாசர் பாஷா என்கிற முஸ்லிம். ஐயர் வீட்டுக்குள் ஊமைப் பிராமணச் சமையல்காரனாக வேஷம் போட்டு நுழைவார். 'மைக்கேல் மதன காமராஜ'னில் கல்யாணச் சாம்பாரில் மீன் விழும். மயிலாப்பூர் வீட்டு வாசல்களில் 'சைவம் மட்டும்' என்று டு-லெட் போர்டு தொங்குகிற ஊரில் இந்த மீனும் அந்தப் பாஷாவும் சின்ன விஷயமில்லை. உள்ளேயிருந்தே ஆசாரத்தைக் கேலி செய்கிற துணிச்சல் அதில் இருக்கு. எங்க அம்மா நொச்சிக்குப்பத்தில் மீன் வாங்கிக்கொண்டு அந்தத் தெருக்கள் வழியாக வரும்போது கூடையை மூடித்தான் வருவாங்க. அந்த சாம்பார் மீனைப் பார்த்து அம்மா சிரித்த சிரிப்பு சாதாரணச் சிரிப்பில்லை. ஆனால் ஒண்ணு. நான் பார்த்த இத்தனை ஆள்மாறாட்டக் கதைகளில், சேரியிலிருந்து ஒருத்தி அந்தச் சமையல்கட்டுக்குள் வேஷம் போட்டுக்கூட நுழைந்ததில்லை. வேஷம் கலையும்போது என்ன நடக்கும் என்று கற்பனை பண்ண அங்கே சிரிப்பு மிச்சமிருக்காது என்பதாலா?

அதே காலத்துத் திரை நகைச்சுவையோடு ஒப்பிட்டால் இவரிடம் ஒரு நேர்த்தி உண்டு. கறுப்பு நிறம், பசி, பரட்டைத் தலை, அடி உதை ஆகியவற்றை நம்பித்தான் அப்போது பாதிக் காமெடி ஓடியது. உதைபடுகிற ஆள் யார் மாதிரி இருப்பான் என்று உங்களுக்கே தெரியும். கிரேஸி மோகன் சிரிப்புக்காக யாரையும் உதைக்க வேண்டியிருக்கவில்லை. சொல் மட்டும் போதும் அவருக்கு. நம்மைக் கேவலப்படுத்தவில்லை, ஏனென்றால் நாம் அங்கே இல்லை. இது நல்லதா கெட்டதா என்று நான் பல நாள் குழம்பியிருக்கிறேன்.

*

என் கதையையும் சொல்லிவிடுகிறேன். 1993 ஏப்ரல் 14இல் சன் டிவி வந்தது. தமிழ்ப் புத்தாண்டு என்றார்கள், எங்களுக்கு அது அண்ணல் அம்பேத்கர் பிறந்த நாள். அடுத்தடுத்து சேனல்கள் வந்தபோது தொடர் எழுத ஆள் தேவைப்பட்டது. நானும் கதை எழுதிக்கொண்டு தி.நகரில் ஒரு தொடர்க் கம்பெனிக்குப் போனேன். கதை பூராவும் குழாயடியில் நடக்கும். படித்துவிட்டு ஒருவர் உண்மையாகவே சிரித்தார். "ரொம்ப நல்லாருக்கு தம்பி. ஆனா இதுல ஹாலே இல்லையே" என்றார். அவுட்டோர் போனால் செலவு என்பது அவர் கவலை. பொய் சொல்லவில்லை.

அதற்குப் பதில் எனக்கு வேறு வேலை கொடுத்தார்கள். வேறு ஒருத்தர் எழுதுகிற தொடரில் வாட்ச்மேன், வேலைக்காரம்மா, காய்கறிக்காரர் பேசுகிற வசனத்தை மட்டும் 'லோக்கலாக' மாற்றித் தர வேண்டும். எபிசோடுக்கு நூற்றைம்பது ரூபாய். டைட்டிலில் பேர் வராது. பதினோரு மாசம் எழுதினேன். மூணு தடவை நானே வாட்ச்மேனாக நடித்தேன், மேக்கப் தேவைப்படவில்லை. நான் எழுதின வேலைக்காரம்மா முதலாளியம்மாவைத் திருப்பிக் கேட்கிற ஒரு வரியை எப்போதும் வெட்டிவிடுவார்கள். நானும் எப்போதும் எழுதிக்கொண்டே இருந்தேன். கடைசியில் ஒரு நாள், அவசரத்தில் யாரும் பார்க்காமல் விட்டதால், ஒரு வரி ஒளிபரப்பாகிவிட்டது. அன்றைக்கு எங்க தெருவில் விழுந்த சிரிப்புச் சத்தம் இன்னும் என் காதில் இருக்கு. அடுத்த வாரம் என்னை வரவேண்டாம் என்றார்கள்.

அதற்குள் காலமும் மாறிக்கொண்டிருந்தது. 2003இல் விஜய் டிவியில் 'லொள்ளு சபா' வந்தது. சபா என்ற சொல்லுக்கு முன்னால் லொள்ளு என்று ஒட்டினதே ஒரு தீர்ப்பு மாதிரி எனக்குப் பட்டது. நாயகர்களின் வீராவேசத்தை, வசனத்தை, கண்ணீரை அப்படியே நடித்துக் கவிழ்த்தார்கள். ராஜாவைக் கிண்டல் பண்ணுகிற கட்டியங்காரன் டிவி வழியாகத் திரும்பி வந்த மாதிரி இருந்தது. அப்புறம் 'அட்டகத்தி' (2012), 'மெட்ராஸ்' (2014) என்று பா.ரஞ்சித் படங்கள் வந்தபோது எங்க பாஷை காமெடிக்கு மட்டுமான பாஷையாக இல்லாமல் காதலுக்கும் சாவுக்கும் அரசியலுக்குமான பாஷையாகக் கேட்டது. எழுத்தில் இதை முன்னமே செய்தவர்கள் இருக்கிறார்கள். பாமாவின் 'கிசும்புக்காரன்' (1996) கதைகளில் சிரிப்பு எப்போதும் கீழேயிருந்து மேலே போகும். ராஜ் கௌதமன் கலகத்தையும் கேலியையும் தலித் பண்பாட்டின் ஆயுதமாக எழுதினார். 'சிலுவைராஜ் சரித்திர'த்தில் (2002) தன்னையே கேலி பண்ணிக்கொண்டு ஊரைத் தோலுரித்தார்.

*

நைனாவுடைய சிரிப்புக்கு வருகிறேன். கண்ணகி நகர் வந்த பிறகு அவரால் வண்டி இழுக்க முடியவில்லை. அரசு கொடுத்த கலர் டிவி வந்ததும் அதன் முன்னால்தான் இருப்பார். ஒரு நாள் பழைய நாடகம் ஏதோ ஓடியது. சோபா, போன், மூணு கதவு. "இந்தக் கதவு சரியா நிக்கல பாரு, ஆப்பு அடிக்காம வுட்டுட்டானுங்க" என்றார். நாற்பது வருஷம் கழித்தும் அவர் பார்த்தது கதவைத்தான். அப்போதுதான் கேட்டேன், "நைனா, அன்னிக்கு அந்த வேலைக்காரன் நம்மள மாதிரி பேசினப்ப நீ ஏன் சிரிச்ச?"

கொஞ்ச நேரம் யோசிச்சார். ஞாபகம் இருந்தது அவருக்கு.

"அவன் எங்கடா நம்மள மாதிரி பேசினான்? அவனுக்கு வரலடா. 'இன்னா'ன்றத எங்க இழுக்கணும், எங்க வெட்டணும்னே தெரியல. பெரிய படிப்பு படிச்சவன், நம்ம பேச்ச பேச முடியாம தெணர்றான். அதப் பாத்துதான் சிரிச்சேன்."

முன்பக்கம் ஐநூறு பேர் வேலைக்காரனைப் பார்த்துச் சிரித்தார்கள். படுதாவுக்குப் பின்னால் ஒரு ஆள் நடிகனைப் பார்த்துச் சிரித்தார். ஒரே நேரத்தில், ஒரே வசனத்துக்கு. இவ்வளவு நாளும் நான்தான் சபையோடு சேர்த்து அவரையும் கணக்குப் போட்டிருக்கிறேன்.

இன்னொன்றும் சொல்லணும். நாடகம் முடிந்து வந்த ராத்திரிகளில் நைனா எங்களுக்கு அந்தக் கதைகளைச் சொல்வார். மாது என்கிற பேர் மாறாது. ஆனால் சோபா பாயாகிவிடும், ஆபீஸ் மேனேஜர் குடோன் மேஸ்திரியாகிவிடுவார், ஆள்மாறாட்டம் ரேஷன் கடை க்யூவில் நடக்கும். அசடு வழிகிறவன் கடைசியில் எப்போதும் மேஸ்திரிதான். ஜானகி மட்டும் ஜானகியாகவே இருப்பாள், தண்ணி லாரியில் ஏறி நின்று நியாயம் கேட்பாள். கிரேஸி மோகன் எழுதிய நாடகம் பத்துப் பதினைந்து கிலோமீட்டர்கூடப் போகாமல், கால்வாய் ஓரத்தில் வேறு நாடகமாகிவிட்டது. அது அவருக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த மனுஷன் ரசித்திருப்பார் என்றே நினைக்கிறேன்.

அவருடைய நாடகங்கள் புத்தகமாக இருக்கு, படங்கள் இருக்கு, குரல் இருக்கு. இருக்கட்டும். நைனா சொன்ன மாதுவை யாரும் எழுதி வைக்கவில்லை, எழுதத் தெரிந்த நானும் எழுதவில்லை. வாட்ச்மேன் வசனத்தை லோக்கலாக்கிக்கொண்டிருந்த அந்தப் பதினோரு மாசத்தில் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து அவர் சொன்னதை எழுதியிருக்கலாம். நூற்றைம்பது ரூபாய் அதற்குக் கிடைத்திருக்காது. 2011இல் நைனா போய்விட்டார். எனக்கு ஞாபகமிருக்கிற மாது கதைகள் ஏழு. அதை இப்போது நோட்டில் எழுத ஆரம்பித்திருக்கிறேன். இதைப் படிக்கிறவர்கள் வீட்டிலும் ஒரு ஆயாவோ நைனாவோ இருப்பார்கள். அவர்கள் எதைப் பார்த்து, யாரைப் பார்த்துச் சிரித்தார்கள் என்று கேளுங்கள். அவர்கள் இருக்கும்போதே கேளுங்கள்.